நான்கு மாத மூப்பு

கணக்கு வாத்தியார் பள்ளிக்கூடத்தில் யாரையும் மனிதராக மதித்ததில்லை. சரித்திர வாத்தியார் அவர் பார்வையில் கதை விடுகிறவர். விளையாட்டு வாத்தியார் வெறும் விசில். அறிவியல் ஆசிரியையோ 'தவளை டீச்சர்'. அந்த அம்மாள் ஆய்வுக்கூடத்தில் தவளை அறுத்துக் காட்டியது மொத்தமே இரண்டு முறைதான். ஆனாலும் இவர் வைத்த பெயர் இருபத்தெட்டு வருடமாக ஒட்டிக்கொண்டிருந்தது.

அந்தத் தவளை டீச்சர்தான் அடுத்த தலைமையாசிரியர் என்று ஒருநாள் பணிமூப்புப் பட்டியல் வந்து அறிவிப்புப் பலகையில் தொங்கியது. இருவரும் ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். தேர்வில் வாங்கிய மதிப்பெண்ணும் ஒன்றே. அப்படி வந்தால் வயதில் மூத்தவரே பணியிலும் மூத்தவர் என்பது விதி. பதிவேட்டின்படி அந்த அம்மாள் நான்கு மாதம் பெரியவர்.

"நாலு மாசம்! நாலு மாசத்துல ஒரு கத்திரிச் செடி காய்க்கும், அவ்வளவுதான். அதுக்காக நான் அந்தம்மா முன்னாடி போய்க் கைகட்டி நிக்கணுமா?" என்று வீட்டில் குதித்தார்.

"உக்காந்தே பேசுங்களேன், யாரு வேணாங்கறா?" என்றாள் மனைவி. புருஷனின் குதியை அவள் எப்போதோ அளந்துவிட்டவள்.

அவருக்கு வேண்டியது தலைமையாசிரியர் அறையில் இருந்த சுழல் நாற்காலி. அந்த அறைக்குள் எதற்குப் போனாலும் அதன் கைப்பிடியை ஒருமுறை தடவிவிட்டுத்தான் வருவார். பிள்ளைகளுக்கு என்ன செய்யலாம், ஒழுகும் கூரையை எப்படி அடைக்கலாம் என்றெல்லாம் அவர் ஒருநாளும் யோசித்ததில்லை. உட்கார வேண்டும், சுற்ற வேண்டும், அவ்வளவுதான்.

பரணில் ஏறித் தகரப் பெட்டியைக் கிளறியதில் அவர் பிறந்த ஆஸ்பத்திரிச் சீட்டு கிடைத்தது. மகன் இரண்டு வருடம் கூடுதலாக வேலை பார்க்கட்டும் என்று, பள்ளியில் சேர்க்கும்போது அப்பா அவர் வயதில் இரண்டைக் குறைத்துச் சொல்லியிருந்தார். உண்மைத் தேதியைப் பார்த்தால் தவளை டீச்சரைவிட இவர் ஒரு வருடம் எட்டு மாதம் மூத்தவர். சீட்டை எடுத்துக்கொண்டு நீதிமன்றத்துக்கு ஓடினார்.

"சார், வயசு ஒரு பக்கம் கூடினா இன்னொரு பக்கமும் கூடும். ரிட்டயர் ஆகுற தேதி—" என்று வக்கீல் ஆரம்பித்தார்.

"கணக்கு எனக்கே சொல்லித் தர்றீங்களா? இந்தத் தேதிப்படி பார்த்தாலும் அறுபதுக்கு இன்னும் அஞ்சு வருஷம் இருக்கு. நீங்க சட்டத்த மட்டும் பாருங்க."

முதலில் தடை உத்தரவு வாங்கினார். தீர்ப்பு வரும்வரை பதவி யாருக்கும் இல்லை. அந்த அம்மாள் பொறுப்பு மட்டும் பார்த்தார், அதுவும் மடக்கு இரும்பு நாற்காலியில் உட்கார்ந்து. பக்கத்தில் சுழல் நாற்காலி துணி போர்த்திக் கிடந்தது. அதை ஜன்னல் வழியாகப் பார்ப்பதில் கணக்கு வாத்தியாருக்கு அப்படி ஒரு சந்தோஷம். இந்தச் சந்தோஷம் நீடிக்க அவரே வாய்தா மேல் வாய்தா வாங்கினார். ஒரு முறை காய்ச்சல், ஒரு முறை பல்வலி. அவருடைய பெரியப்பா மட்டும் இரண்டு முறை இறந்தார்.

ஐந்து வருடமும் மூன்று மாதமும் இப்படியே போனது. வகுத்தல் கணக்கில் மீதியை விட்டுவிட்ட பிள்ளைகளைப் பெஞ்சு மேல் ஏற்றிய மனிதருக்கு, ஒருநாள்கூட ஒரு கழித்தல் போட்டுப் பார்க்கத் தோன்றவில்லை. ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு என்று சும்மாவா சொன்னார்கள்!

"மனுதாரர் சொன்ன பிறந்த தேதி சரிதான். அவரே மூத்தவர்" என்று நீதிபதி வாசித்தார். வாத்தியார் பின்வரிசையிலிருந்த தவளை டீச்சரைத் திரும்பிப் பார்த்துப் பல்லைக் காட்டினார். காட்டிய பல் மூடுவதற்குள் அடுத்த வரியும் வந்துவிட்டது. "அதே தேதியின்படி அவர் மூன்று மாதத்துக்கு முன்பே ஓய்வு பெற்றவர் ஆகிறார்."

மறுநாள் காலை வழக்கம்போல் கையெழுத்துப் போடப் போனவரின் முன்னால் குமாஸ்தா வருகைப் பதிவேட்டை மூடிவிட்டார். "மூணு மாசமா நீங்க போட்ட கையெழுத்தையே என்ன பண்றதுன்னு தெரியாம முழிக்கிறோம். நீங்க வேற! உள்ள போங்க, அம்மா கூப்பிடுறாங்க."

சுழல் நாற்காலியின் துணி போயிருந்தது. அதில் அந்த அம்மாள் உட்கார்ந்திருந்தார், சுற்றவில்லை. தலைமையாசிரியராக அவர் போட்ட முதல் கையெழுத்து மேசையில் காய்ந்துகொண்டிருந்தது. கணக்கு வாத்தியாரைப் பணியிலிருந்து விடுவிக்கும் கடிதம் அது.

"உக்காருங்க சார்" என்று இரும்பு நாற்காலியைக் காட்டினார்.

அவர் உட்காரவில்லை. "தீர்ப்பப் படிச்சீங்கல்ல? நான்தான் சீனியர்."

"யாரு சார் இல்லைன்னாங்க? அதான் உங்கள முதல்ல அனுப்புறோம்."

நின்றபடியே பேனாவை வாங்கினார். கையெழுத்தைப் போட்டுவிட்டு, அதற்குக் கீழே என்ன எழுதுவது என்று தெரியாமல் விழித்தார்.

"இன்னிக்குத் தேதி சார்" என்றார் தவளை டீச்சர். "பார்த்து, சரியாப் போடுங்க."