முசே வீட்டுத் திரை

காத்தவராயன் அரிவாளோடு ஜன்னலுக்குப் போனான். உள்ளே கிடத்தியிருந்த அவன் அண்ணன் அம்மாவாசையின் முகத்தில் மேற்கு வெயில் நேராக விழுந்துகொண்டிருந்தது.

“கயித்த அறுத்துடறேன் அண்ணி. திரை தானா எறங்கிடும்.”

“தொடாத தம்பி. அது ஒங்கண்ணன் உசுரு,” என்றாள் செல்வாம்பாள். சொன்ன பிறகுதான் உசுரு போய்விட்டது நினைவுக்கு வந்தது.

பிரெஞ்சுக் கொடி இறங்கி நம் கொடி ஏறிய வருஷம் பிரான்சுக்குக் கப்பலேறிய வெள்ளைக்கார துரை முசே, முப்பது வருஷம் தன் வீட்டில் வேலை பார்த்த அம்மாவாசைக்கு இந்த மரச்சட்டத் திரையைக் கழற்றிக் கொடுத்தார். வேறொன்றும் கொடுக்கவில்லை. இந்த ஐந்து வருஷமாகப் பெண்டாட்டியை மனுஷன் அதன் கிட்டவே விட்டதில்லை. “இதெல்லாம் ஒனக்குப் புரியாது, நீ போய் தண்ணி புடிச்சிகினு வா,” என்பான். தினம் சாயங்காலம் இதே பேச்சு. அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும்.

மூன்று கயிறுகள் தொங்கின. மெல்லிய இரண்டையும் இழுத்துப் பார்த்தாள். மேலே அடுக்காகக் கிடந்த சட்டங்கள் அசைந்தன, இறங்கவில்லை. ஆணியில் சுற்றியிருந்த தடிக் கயிற்றை அவிழ்த்தாள். திரை தடதடவென்று விழுந்து சுவரில் மோதியது. ஒப்பாரி சட்டென்று நின்றது.

“கையில புடிச்சிகினே மெதுவா விடணும் அண்ணி!”

“தெரியிது, தெரியிது.”

இப்போது முகத்தில் வெயில் கோடு கோடாக விழுந்தது. மெல்லிய கயிறு ஒன்றை மறுபடி இழுத்தாள். சட்டங்கள் ஒன்றன்மேல் ஒன்று படிந்து மூடிக்கொண்டன. வெயில் போய்விட்டது.

“இவ்ளோதானா? இதுக்கா அஞ்சு வருஷமா என்ன வெரட்டுன?” என்று பிணத்தைப் பார்த்துக் கத்தினாள். அவளுக்கு நிஜமாகவே கோபம். பெண்கள் அதையும் ஒப்பாரி என்று எடுத்துக்கொண்டு கூட அழுதார்கள்.

பொழுது சாய்வதற்குள் பாடை கிளம்பியது. அவளை வாசலோடு நிறுத்திவிட்டார்கள். தெருமுனை வரைக்குமாவது பார்க்க வேண்டும் என்றிருந்தது அவளுக்கு. உள்ளே ஓடி, ஜன்னலடியில் அவன் தினமும் உட்காரும் முக்காலியில் உட்கார்ந்து, இன்னொரு மெல்லிய கயிற்றை இழுத்தாள். பாதியில் ஒரு முடிச்சு தட்டி நின்றது. அவன் போட்டு வைத்த முடிச்சு. சட்டங்கள் அதற்குமேல் திரும்பவில்லை.

இடுக்கில் கண்ணை வைத்தாள். பாடை தெரியவில்லை. தெருமுனையும் தெரியவில்லை. தினம் சாயங்காலம் அவன் அவளை விரட்டிய எதிர்ச்சாரித் தெருக்குழாய் மட்டும் முழுதாகத் தெரிந்தது.

பிணம் எடுத்தாயிற்று என்று தெரு தண்ணீர் பிடிக்க வந்திருந்தது. குடங்கள் வரிசையாக இருந்தன. இடுக்குக்கு நேரே, வழக்கமாக அவள் நிற்கும் இடத்தை யாரோ விட்டு வைத்திருந்தார்கள்.