உப்புக் குமியலில் மூன்று பேர்

குப்பம்மாள் புயல் கதையை எடுத்தாளென்றால் லேசில் கீழே வைக்கமாட்டாள். பதினான்கு வருடமாக ஒரே கதை, ஒரு சொல் பிசகாது. இன்று ஜான்சி அதைப் போனில் பதிவு செய்துகொண்டிருந்தாள். 'தானே' புயலில் செத்துப்போன தன் அம்மா சூசைமேரியின் நினைவாக, ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் கோயிலில் போடப்போகிறார்களாம். அன்று அவர்களோடு மூன்றாவது ஆளாகப் போன லூர்துமேரி, பக்கத்தில் உட்கார்ந்து போனையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஆண்டவர் சந்நிதியிலா இந்தப் பொய்?

"உப்ப மூட கீத்து எடுத்துக்கினு விடியக்காலம் மூணு பேரும் போனோம். கர ஒடஞ்சி உப்பளம் முழுக்கத் தண்ணி பூந்துடுச்சி. பாத்தி எது, வாய்க்கா எதுன்னு ஒண்ணும் தெரியல. உப்புக் குமியல் மேல ஏறி நின்னோம். அது காலுக்கடியிலயே கரையுது. அப்பதான் சூசைமேரி கால் வழுக்கி…"

ஜான்சி சிரித்தாள். "எங்கம்மாதான! சமதரையிலயே தடுக்கி விழும்."

இந்தச் சிரிப்பைத்தான் லூர்துமேரியால் தாங்க முடியவில்லை. வழுக்கியதாவது மண்ணாவது! சூசைமேரி தானாகத்தான் இறங்கினாள். அதைச் சொன்னால் தற்கொலை என்பார்கள், கோயில் கல்லறையில் இடம் தரமாட்டார்கள் என்று பயந்து, அன்றைக்கு இரண்டு பேரும் கூடிச் சொன்ன பொய் அது. பங்குச் சாமியாரிடம் ஒரு வார்த்தை கேட்டுப் பார்க்கவும் தோன்றவில்லை. புத்திகெட்ட ஜென்மங்கள்! சொன்ன பொய்க்குள்ளேயே மாட்டிக்கொண்டு இத்தனை வருடம் ஓடிவிட்டது.

"உங்கம்மா வழுக்கி விழல, ஜான்சி."

குப்பம்மாள் அவள் தொடையைக் கிள்ளினாள். "இன்னாடி உளர்ற? சும்மா இரு."

"இனிமே நம்மால முடியாதுக்கா." லூர்துமேரிக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. "'மூணு பேர இது தாங்காதுடி, நான் பருத்தவ, எறங்கி நடந்து பாக்கறேன்'னா உங்கம்மா. பொடவயத் தூக்கிச் சொருவிக்கினு எறங்கனா. அவ கால் வச்ச எடத்துலதான் வாய்க்கா இருந்துச்சி, அப்பிடியே முழுவிட்டா."

ஜான்சியின் முகம் வெளிறிப்போனது. "நீங்க ரெண்டு பேரும் வேணாம்னு சொல்லலியா பெரிம்மா?"

லூர்துமேரி குப்பம்மாளைப் பார்த்தாள். அவள் தலை குனிந்துகொண்டாள். லூர்துமேரிதான் சொன்னாள்.

"சொல்லலம்மா. ஒத்திக்கினு நின்னு, அவ எறங்க வழி வுட்டோம்."