நூறாவது காட்சியின் பித்தளைத் தகடு

...தொண்டை கட்டிக்கொண்டது என்று சொல்ல வேண்டுமாம், என் தொண்டை, கூடார நாடகங்களில் ஒலிபெருக்கி இல்லாமலே கடைசி வரிசைக் குடிகாரனை எழுப்பி உட்காரவைத்த தொண்டை, அதற்கு இந்த ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் பார்த்துச் சளி பிடிக்க வேண்டுமாம், தயாரிப்பாளர் லிசாந்திரோ கதவில் சாய்ந்தபடி சொல்லிவிட்டுப் போய்ப் பத்து நிமிடம் ஆகிறது, அவன் பூசியிருந்த வாசனைத் தைலம் இன்னும் என் ஒப்பனை அறையைக் காலி செய்யவில்லை... தொண்ணூற்றொன்பது காட்சி நான் ஆடினேன், நூறாவது மட்டும் அந்தத் தொலைக்காட்சித் தொடர்ப் பெண் பெரெனிஸுக்கு, ஏனென்றால் நூறாவது அன்றுதான் முன்கூடத்தில் பித்தளைத் தகடு திறப்பார்கள், பத்திரிகைக்காரர்கள் வருவார்கள், அன்றைக்கு மேடையேறியவர்களின் பெயர்தான் தகட்டில், தொண்ணூற்றொன்பதைப் பற்றி மெக்சிகோ நகரத்தில் எந்த அரங்கத்துச் சுவரும் பேசுவதில்லை. "ஒரே ஒரு நாள்தான், தோன்யா ஹசிந்தா, நாளைக்கு மறுபடியும் நீங்கதான்" என்றான், தோன்யா என்று பெரிய மரியாதை வேறு. "நாளைக்குத் திங்கக்கிழமை, ராசா, நாடகமே கிடையாது." அசடு வழிந்தான், உடனே விலையை ஏற்றினான், அடுத்த நாடகத்தில் மகாராணி வேஷமாம், எத்தனை வசனம் என்று கேட்டேன், கூரையைப் பார்த்தான். லா மெர்செத் சந்தையில் அம்மாவின் மிளகாய் வற்றல் மூட்டைகளுக்கு நடுவே வளர்ந்தவள் நான், கூரையைப் பார்த்து விலை சொல்பவனை எங்கள் வரிசையில் தண்ணீர்கூடக் குடிக்கவிட மாட்டோம்.

இரண்டாம் அழைப்பு, இரண்டாம் அழைப்பு... சுவரிலிருக்கும் ஒலிபெருக்கியில் குரல் கரகரக்கிறது, சளி பிடித்திருப்பது அதற்குத்தான். இருபத்துமூன்று படம், பதினான்கில் செத்திருக்கிறேன், காசநோயில், துப்பாக்கிக் குண்டில், ஒரு தடவை குதிரைக்கு அடியில், அழகாகச் சாக ஆள் வேண்டுமா, ஹசிந்தாவைக் கூப்பிடு என்பார்கள், அத்தனை சாவுக்கும் எதிரே கேமரா இருந்தது, கேமரா இல்லாமல் சளியில் சாகச் சொல்லி இதுவரை எவனும் கேட்டதில்லை. தொமாசா முதுகுக் கொக்கிகளை மாட்டுகிறாள், முப்பது வருடமாக என் உடைகளையும் ரகசியங்களையும் இஸ்திரி போடுபவள். "கீழ அந்தப் பொண்ணும் இதே பச்சை உடுப்புலதான் நிக்குது, தோன்யா." "எப்படி இருக்கு அவளுக்கு?" "இடுப்புல பாதியா மடிச்சு ஊசி குத்தியிருக்காங்க." "உன் இடுப்பு பெருசுன்னு நேராவே சொல்லேன்டி!" சிரிக்கிறாள், நான் இன்று மேடையேறினால் இவளையும் சேர்த்துத்தான் அவன் வெளியே அனுப்புவான், தெரியும் அவளுக்கு, ஆனாலும் கடைசிக் கொக்கியை மாட்டிவிட்டாள்.

படிக்கட்டு, கயிறுகள், தூசி, மேடையோரத்தில் பெரெனிஸ், பாவம், உதடு காய்ந்திருக்கிறது. "உங்களுக்கு உடம்பு முடியலைன்னு சொன்னாங்களே, தோன்யா..." "சரியாப் போச்சு, கண்ணு, கொஞ்சம் தள்ளிக்கோ." அந்தப் பக்கத்திலிருந்து லிசாந்திரோ கையைக் கையை ஆட்டுகிறான், ஈ ஓட்டுகிறானோ என்னவோ. மூன்றாம் அழைப்பு, மூன்றாம் அழைப்பு, தொடங்குகிறோம்... இரு, இரு, பித்தளையில் எழுத்து வெட்ட ஒரு வாரமாவது ஆகுமே, அவன் என்னிடம் வந்ததோ இன்றைக்குச் சாயங்காலம், அப்படியானால் பெயரை எப்போதோ வெட்டியாகிவிட்டது, முன்கூடத்தில் துணிக்கு அடியில் இருப்பது யார் பெயர்? அவனோடு அவ்வளவு நேரம் மல்லுக்கட்டினேனே, சரக்கைக் காட்டு என்று ஒரு வார்த்தை கேட்கவில்லையே, கேட்கத் தோன்றவே இல்லையே... திரை விலகுகிறது, கால் தானாக வெளிச்சத்துக்குள் போகிறது, கைதட்டுகிறார்கள், தகட்டில் உங்கள் பெயர்தான் இருக்கிறது, நீங்கள் வீட்டுக்குப் போகலாம் என்று அவன் சொல்லியிருந்தால் போயிருப்பேனா... மாட்டேன், சத்தியமாகப் போயிருக்க மாட்டேன், அப்படியென்றால் இத்தனை நேரம் நான் எதற்காகத்தான் சண்டை போட்டேன்...