நாலு வட்டியும் ஒரு ட்ரம்பெட்டும்

அவளுக்கு ஒரு பெயர் இருந்தது. தெருவில் யாருக்கும் அது தேவைப்படவில்லை. நூற்றுக்கு மாதம் நாலு வாங்குகிறவள் என்பதால் 'நாலு வட்டி' என்றே ஐம்பது வயதைத் தாண்டிவிட்டாள். அவசரத்துக்குக் கடைப் படியேறுகிறவர்கள் "அம்மா" என்பார்கள். காசை வாங்கிக்கொண்டு படியிறங்கியதும் மறுபடி நாலு வட்டிதான்.

அடகுக் கடை அவள் அப்பா வைத்தது. வட்டிச் சட்டங்களை அந்தக் கடை நிறையவே பார்த்திருக்கிறது. வட்டி வாங்குவது மகாபாவம் என்று மேடையில் முழங்கியவர்கள், மறுநாள் பின்வாசல் வழியாக வந்து கைமாற்றுக் கேட்டிருக்கிறார்கள். நூற்றுக்கு ஒன்றுக்கு மேல் கூடாது என்று ஒரு சட்டம் வந்தபோது, அப்பா எண்பதைக் கொடுத்துவிட்டு நூறு என்று எழுதிக் கையெழுத்து வாங்கினார். சட்டமும் பிழைத்தது, அப்பாவும் பிழைத்தார், கையெழுத்துப் போட்டவன் பாடுதான் திண்டாட்டம்.

இந்த முறை வந்த சட்டம் அப்படி ஏமாறுகிற ரகமில்லை. அசலைப் போல இரண்டு மடங்கு வட்டி கட்டியிருந்தால் கடன் தீர்ந்தது. அதற்கு மேல் வாங்கியதைத் திருப்பித் தர வேண்டும். தொழில் செய்கிற கருவியை அடகு பிடிக்கவே கூடாது. தொண்ணூறு நாளுக்குள் கேட்டு வராதவர்களின் பணம் மட்டும் கடைக்காரருக்கே.

கூட்டம் கூட்டமாக வந்தார்கள். தையல்காரர் மெஷினைத் தோளில் ஏற்றிக்கொண்டு, போகிற போக்கில் வாசலில் துப்பிவிட்டுப் போனார். அவள் பேரேட்டில் ஒவ்வொரு வரியாக அடித்தாள். வயிறு எரியவில்லை என்று சொன்னால் பொய். ஆனாலும் அவள் கண் வாசலில் தேடியது ஒரே ஒரு ஆளைத்தான்.

அவர் கல்யாண பேண்டில் ட்ரம்பெட் வாசிப்பவர். வேலை இல்லாத நாளில் ட்ரம்பெட் அடகுக்கு வரும், வேலை வந்தால் மீண்டு போகும். பதினோரு வருடமாக இதே கதை. மீட்கும்போது பழுதில்லையென்று கடையிலேயே ஊதிப் பார்ப்பார். அதற்கு அரை நிமிடம் போதும், அவரோ முழுப் பாட்டையும் வாசித்து முடிப்பார். அவள் பேனாவை மூடி வைத்துவிட்டுக் கேட்பாள். வேறு எந்த அடகுச் சாமானுக்கும் செய்யாததாக, அதைத் துணியில் சுற்றி வைத்தாள், பொத்தான்களுக்கு எண்ணெய் விட்டாள். அதற்காக வட்டியில் சல்லிக் காசு குறைத்தாளா என்றால், இல்லை.

போன வருடம் அவர் கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டு வந்து, அந்த ட்ரம்பெட்டின் மேலேயே இன்னும் கொஞ்சம் பணம் கேட்டார். பொருள் அவ்வளவு தாங்காது என்று சொல்லிவிட்டாள். அதன்பிறகு அவர் மீட்கவேயில்லை. மாதம் முதல் தேதி வருவார், வட்டியை வைப்பார், கைக்குட்டையை எடுக்காமல், ஒரு வார்த்தை பேசாமல் போய்விடுவார். சட்டம் வந்ததிலிருந்து அதற்கும் வரவில்லை. மனுஷனுக்குத் தன்மேல் கோபம் என்று அவள் முடிவு கட்டிவிட்டாள். அது அவளை உள்ளுக்குள் அரித்தது. யார் துப்பினாலும் துடைத்துக்கொள்வாள், அவர் பேசாமல் போனதைத்தான் தாங்க முடியவில்லை.

பதினோரு வருட வட்டியையும் கூட்டிப் பார்த்தால், அவர் அசலைப் போல நாலு மடங்கு கட்டியிருந்தார். இன்னும் இரண்டு நாள் சும்மா இருந்தால் அந்தப் பணம் அவளுக்கே. எண்பத்தெட்டாம் நாள் மதியம் அவள் கடையைச் சாத்தினாள். பணத்தை உறையில் போட்டு, ட்ரம்பெட்டை இடுப்பில் இடுக்கிக்கொண்டு, அவர் குடியிருக்கும் சந்துக்கு நடந்தாள்.

கடன் கொடுத்தவள் வாசலுக்கு வந்தால் சந்து என்ன நினைக்கும்? குழாயடியில் பேச்சு நின்றது. "நாலு வட்டி வீட்டுக்கே வந்துட்டா பாரு" என்று யாரோ முணுமுணுத்தது அவள் காதிலும் விழுந்தது.

கதவைத் திறந்தவர் அவசரமாகக் கைக்குட்டையைத் தேடி வாயில் வைத்துக்கொண்டார். ஒரே ஒரு அறை, ஒரே ஒரு நாற்காலி. அதை அவளுக்குப் போட்டுவிட்டு அவர் கட்டிலில் உட்கார்ந்தார். அவள் உறையை நீட்டி, சட்டத்தைச் சொல்லி, இத்தனை நாள் ஏன் வரவில்லை என்று கேட்டாள்.  அவர் கைக்குட்டையை எடுத்தார். மேல் வரிசையில் முன்பற்கள் நான்கு இல்லை.

பேண்டு வண்டியிலிருந்து இறங்கும்போது தவறி விழுந்தாராம். பல்லில்லாமல் ட்ரம்பெட் ஊத முடியாது. சந்தில் யாருக்கும் தெரியாமல் மறைத்துக்கொண்டு, ஒரு குடோனில் காவலுக்குப் போய்வருகிறார். அன்றைக்குக் கேட்ட பணம் கட்டுப்பல்லுக்கு.

"அப்பவே சொல்லியிருக்கலாமேண்ணே."

"எப்படிம்மா சொல்றது? நான் வாசிச்சு நீங்க கேட்டிருக்கீங்களே."



"சரி, இதையாவது வந்து வாங்கிட்டுப் போயிருக்கலாம்" என்று ட்ரம்பெட்டைக் காட்டினாள்.

"உங்க அலமாரியில இருந்தா, என்னைக்காவது நான் மீட்கப் போற சாமான். இங்க வந்துட்டா வெறும் தகரம்மா. அதுக்காகத்தான் மாசாமாசம் கட்டினேன்."

அவள் உறையை அவர் மடியில் வைத்தாள். பல் கட்டியது போக மிச்சமும் இருக்கும் என்றாள். சும்மா வரும் காசு வேண்டாம் என்று அவர் தள்ளினார்.

"இது உங்க காசுண்ணே. சும்மா வாங்கினது நான்தான்."

அவர் உறையை எடுத்துக்கொண்டார். பல் வரும்வரை ட்ரம்பெட் அவளிடமே இருக்கட்டும், அடகாக அல்ல, பத்திரமாக, என்று கேட்டார். சட்டம் இதற்கு என்ன சொல்லும் என்று ஒரு கணம் யோசித்தாள். பிறகு ரசீதுப் புத்தகத்தை எடுத்து, ட்ரம்பெட் ஒன்று பெற்றுக்கொண்டேன் என்று எழுதி, வட்டி என்ற இடத்தில் இல்லை என்று போட்டாள். கடை வைத்த நாளிலிருந்து அந்தக் கட்டத்தில் அப்படி யாரும் எழுதியதில்லை. கையெழுத்துப் போட்டு அவரிடம் கிழித்துக் கொடுத்தாள்.

ட்ரம்பெட்டோடு அவள் வெளியே வந்ததும் குழாயடி கொதித்தது. ஊதிப் பிழைக்கிறவனின் கருவியையும் பிடுங்கிக்கொண்டு போகிறாள், இவள் நல்லாயிருப்பாளா என்றார்கள்.  நடந்ததைச் சொன்னால் அவர் மறைத்து வைத்திருப்பது வெளியே வந்துவிடும். தலையைக் குனிந்துகொண்டு நடந்தாள். அன்றைக்கு அந்தப் பேச்சு அவளுக்கு வலிக்கவில்லை.

பத்தடி போயிருப்பாள். பின்னால் கதவு படாரென்று திறந்தது.

"அவங்களை ஒண்ணும் சொல்லாதீங்க! அவங்க பிடுங்கல, நானாத்தான் கொடுத்தேன்!"

பாதிச் சொற்கள் காற்றாகப் போயின. திரும்பிப் பார்த்தாள். ஒரு வருடமாக யாரிடமும் வாய் திறக்காத மனுஷர், கைக்குட்டையைக் கையில் கசக்கிப் பிடித்தபடி, சந்து முழுக்கப் பார்க்க, வாயை அகலத் திறந்து கத்திக்கொண்டிருந்தார்.