ஆகஸ்தாவின் தாள்

எங்கள் சுவீடிஷ் சபைக்கு ஐம்பது வயது ஆகிறது, வரலாறு எழுதி அச்சிட வேண்டும் என்று முடிவானதும் வேலை என் தலையில் விழுந்தது. சிகாகோவிலேயே பிறந்த எங்கள் போதகருக்குப் பழைய பதிவேட்டின் சுவீடிஷ் கையெழுத்து பிடிபடாது. "தீரா, செத்தவங்க எழுத்தெல்லாம் உங்களுக்குத்தான் பழக்கம்" என்று சிரித்துக்கொண்டே அலமாரிச் சாவியைக் கொடுத்துவிட்டார். கல்யாணமாகாத நாற்பத்தைந்து வயதுக்காரிக்கு வேறென்ன வேலை இருக்கும் என்ற நினைப்பு. நானும் ஒரு மாதமாகத் தும்மிக்கொண்டே நகலெடுத்துக்கொண்டிருந்தேன்.

அந்த வியாழக்கிழமை சுவீடனிலிருந்து ஒரு கடிதம் வந்தது. எழுதியவர் பெயர் வெர்னர். ஸ்மோலாந்தில் குதிரைக்கு லாடம் அடிக்கிறவர், வயது ஐம்பத்தொன்று. நாங்கள் வரலாறு எழுதுவதைப் பத்திரிகையில் பார்த்தாராம். அவருடைய தாய் லோவிசா 1888இல் தன் தங்கை ஆகஸ்தாவோடு கப்பல் ஏறியவள். வழியிலேயே இறந்துவிட்டதாக எங்கள் சபையிலிருந்துதான் ஊர்ச் சபைக்குத் தகவல் போயிருக்கிறது. சித்திக்கு எத்தனையோ கடிதம் போட்டும் பதில் இல்லை. தாயைக் கடலில் இறக்கினார்களா, கரையில் புதைத்தார்களா, அதை மட்டும் சொன்னால் போதும் என்று கேட்டிருந்தார்.

சபையே அத்தை என்று கூப்பிடும் ஆகஸ்தாவை எனக்குத் தெரியாதா என்ன. எழுபது வயது, நான்கு பிள்ளைகள், மூத்தவர் சபையில் மூப்பர். ஆண்கள் வலப்பக்கம், பெண்கள் இடப்பக்கம் என்று உட்கார்ந்த காலத்திலிருந்தே தன் பக்கத்தில் ஓர் ஆள் இடம் விட்டுத்தான் உட்காருவாள். கிறிஸ்துமஸ் விடியற்காலை ஆராதனையில் ஜனங்கள் நின்றுகொண்டிருந்தாலும் அந்த இடத்தை யாருக்கும் கொடுக்கமாட்டாள். பரிசுத்த ஆவிக்கு முன்பதிவு என்று நாங்கள் கேலி பேசுவோம்.

கடிதத்தோடு கீழ்த்தளச் சமையலறைக்குப் போனேன். பெண்கள் சங்கக் கூட்டத்துக்காக அத்தை காபித்தூளில் முட்டையை உடைத்து, ஓட்டோடு நொறுக்கிப் பிசைந்துகொண்டிருந்தாள். எங்கள் சபைக் காபி அப்படித்தான் தெளியும்.

"அத்தை, உங்க அக்கா மகன் எழுதியிருக்காரு. ஏன் இத்தனை வருஷமா அவருக்குப் பதில் போடல?"

கை நின்றது. "எந்த அக்கா?"

"லோவிசா."

அத்தை திரும்பிப் பார்த்தாள். என்னை அல்ல, எனக்குப் பின்னால். அங்கே யாரும் இல்லை.

"கதவைச் சாத்து" என்றாள். சாத்தினேன். "லோவிசா நான்தான்டி."

ஊரை விட்டு வருகிறவர்களுக்கு அங்கே போதகர் ஒரு தாள் எழுதித் தருவார். ஞானஸ்நானம், அம்மை குத்தியது, வேதபாட அறிவு, நடத்தை எல்லாம் அதில் இருக்கும். அதை நீட்டினால்தான் இங்கே சபையில் இடம், நற்கருணை. லோவிசாவின் தாளில், மணமாகாமல் ஒரு பிள்ளை பெற்றவள் என்று எழுதியிருந்தது. ஆகஸ்தாவின் தாளில் ஒரு கறை கிடையாது. ஆனால் ஆகஸ்தா கப்பலில் காய்ச்சல் கண்டு போய்விட்டாள்.

"ரெண்டு தாளும் என் பையிலதான் இருந்துச்சு. இங்க அப்ப இருந்த போதகர் கை நீட்டினாரு. அவ தாளைக் குடுத்தேன். அந்த ஒரு ஞாயித்துக்கிழமைக்கு மட்டும்னுதான் நெனச்சேன். இன்னொண்ணு யாருதுன்னு கேட்டாரு. செத்தவளுதுன்னேன். அவரே 'இறந்தாள்'னு எழுதி ஊருக்கு அனுப்பிட்டாரு. நான் பாத்துக்கிட்டே நின்னேன்."

"பிள்ளை?"

"எங்கம்மாகிட்ட. கூட்டிக்கலாம்னுதான் இருந்தேன். செத்தவ எப்படிடி பிள்ளையக் கூப்பிடுவா? கல்யாணமும் அவ பேர்லயே ஆயிடுச்சு. இப்பவும் நற்கருணை வாங்கப் போனா, எனக்கு முந்தி அவ மண்டி போட்டிருக்கா."

எனக்குக் கோபம்தான் வந்தது. பழைய உறுப்பினர் பட்டியலில் ஆகஸ்தாவின் பெயரை எவ்வளவு பொறுமையாக எழுதியிருந்தேன். அதைவிட, அந்த லாடக்காரர் இத்தனை வருஷம் ஏமாந்ததுதான் பொறுக்கவில்லை.

"அவருக்கு உண்மைய எழுதுங்க அத்தை. சபைப் புஸ்தகம் கெடக்கட்டும்."

"என் மூத்தவன் தலைகாட்ட முடியாதுடி. ஊரே சிரிக்கும்." பிறகு மெதுவாகக் கேட்டாள். "என்னப் பத்தி என்ன எழுதியிருக்கான்?"

கடைசிப் பத்தியை அவளுக்கு வாசித்தேன். "அம்மாவின் முகம் நினைவில்லை. கிளம்பிய அன்று கிணற்றடியில் என் கால்களைக் கழுவி, தன் பாவாடையால் துடைத்துவிட்டாள். எனக்கு அம்மா என்றால் அது ஒன்றுதான்."

அத்தை அழவில்லை. மேசையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

"அன்னிக்கு விடியுமுன்னயே நான் வண்டியில ஏறி உக்காந்துட்டேன். அவன் மூஞ்சியப் பாத்தா போக மாட்டேன்னு தெரியும். கால் கழுவிவிட்டது நான் இல்லடி. அவ. ஆகஸ்தா."

அடுப்பில் தண்ணீர் கொதித்தது. நான் அதை இறக்கி வைத்தேன்.

"எழுது" என்றாள் அத்தை. "உன் காலைக் கழுவினவளைக் கடல்ல இறக்கினாங்க. நியூயார்க் வர ரெண்டு நாள் இருந்துச்சு. மாலுமிங்க தொப்பியைக் கழட்டினாங்க. காய்ச்சல்லயும் உன் பேரைச் சொல்லிக்கிட்டே இருந்தா. பக்கத்துல இருந்தவ பாவி, ஒண்ணும் பேசல. அப்படியே எழுது."

எழுதினேன். அதில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை. எழுதி முடித்துத் தாளையும் பேனாவையும் அவள் பக்கம் தள்ளினேன். "கையெழுத்து நீங்கதான் போடணும்."

முட்டை ஒட்டியிருந்த விரல்களை முன்துணியில் துடைத்துக்கொண்டு பேனாவை எடுத்தாள். "யாரு போடறது?" என்று கேட்டாள். என்னிடம் கேட்கவில்லை. கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திருக்கிறவள் போலத் தலையைச் சற்றுச் சாய்த்தாள். பேனா தாளுக்கு ஒரு விரற்கடை மேலே அப்படியே நின்றது. முனையில் மை திரண்டு, ஒரு சொட்டு விழுந்து, வெற்றிடத்தில் கறுப்பாகப் பரவிக்கொண்டிருந்தது.