பதினெட்டு மடிப்பு

என் கணவர் அனில்குமார் தோஹாவில் ஒரு ஹோட்டல் அடுக்களையில் பதினோரு வருடம் இருந்தவர். அங்கே சமைத்தாரா, வெங்காயம்தான் உரித்தாரா என்று நான் கிளறியதில்லை. குலசேகரத்துக்குத் திரும்பிய நாளிலிருந்து எங்கள் வீட்டில் எதுவும் சமைக்கப்படுவதில்லை, தயாரிக்கப்படுகிறது.

மகள் நந்தனாவின் பதினாலாவது பிறந்தநாளுக்கு அவர் தயாரிக்க முடிவு செய்தது குளூட்டன் ஃப்ரீ ஃப்யூஷன் டம்ப்ளிங். அதாவது, அரிசி மாவும் மரச்சீனிக் கிழங்கு மாவும் கலந்து, வெந்நீர் விட்டுப் பிசைந்து, உள்ளே காரமாகப் பூரணம் வைத்து ஆவியில் வேகவைப்பது.

"இதுக்குப் பேரு கொழுக்கட்டைல்லா?" என்றேன்.

"ஓமனா, கொழுக்கட்டைக்கு ஓரத்துல பதினெட்டு மடிப்பு உண்டா?"

இல்லைதான். மடிப்பை எண்ணிக்கொண்டிருந்தால் எப்போது தின்பது?

நந்தனாவுக்குக் கோதுமை ஆகாது. ஒரு துணுக்கு உள்ளே போனாலும் குடல் புண்ணாகும் என்று மூன்று வருடத்துக்கு முன் டாக்டர் சொல்லிவிட்டார். அன்றிலிருந்து எந்த வீட்டு விசேஷத்துக்குப் போனாலும் அவள் கையில் ஒரு டப்பா. மற்ற பிள்ளைகள் கேக் தின்ன, இவள் தனியே உட்கார்ந்து அவித்த ஏத்தன்பழம் தின்பாள். இவ்வளவு பத்தியம் இருந்தும் வாரத்தில் ஒரு நாளாவது வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டுவிடுவாள். களவாக பஃப்ஸ் தின்கிறாள் என்பது என் தீர்ப்பு. "தின்னல்லம்மா" என்று அழுவாள். எந்தக் கள்ளிதான் ஒத்துக்கொள்வாள்?

"எல்லாரும் எடுக்கிற தட்டுல இருந்தே எனக்கும் எடுத்துத் தின்னணும்ப்பா" என்று அப்பாவிடம் கேட்டிருந்தாள். பிறந்தநாளுக்கு அவள் கேட்டது அது ஒன்றுதான்.

அவ்வளவுதான், அவருக்கு வேகம் வந்துவிட்டது. சப்பாத்திக் கல் மாடிக்கு நாடு கடத்தப்பட்டது. புது இட்லிப்பானை, புது அகப்பை. கடுகு பாக்கெட்டைக்கூடக் கண்ணாடி போட்டுப் பின்பக்கம் படித்தார். பத்திரம் பதிகிறவர்கூட அவ்வளவு கவனமாகப் படிக்கமாட்டார். என் அடுக்களைக்குள் நுழைய நானே சோப்புப் போட்டுக் கை கழுவ வேண்டுமாம். பலாக்கொட்டையை அவித்து உதிர்த்து, தேங்காயும் இஞ்சியும் நல்லமிளகும் சேர்த்து வதக்கினார். இதில் ஃப்யூஷன் எங்கே என்று கேட்டேன். மடிப்பில் இருக்கிறதாம்.

பூரணத்தை அடுப்பில் விட்டுவிட்டு, நந்தனாவின் கூட்டுக்காரிகளைக் கூட்டிவர பஸ் ஸ்டாண்டுக்குப் போனார். நான் எட்டிப் பார்த்தேன். பலாக்கொட்டையில் பெருங்காயம் இல்லை! ஏழு பிள்ளைகளும் வாயு கேறி வயிறு உப்பிப் போனால், ஊர் யாரைச் சொல்லும்? தோஹா சாரையா, என்னையா? அலமாரியிலிருந்து காயப்பொடி டப்பாவை எடுத்து இரண்டு சிட்டிகை தூவிக் கிளறினேன்.

திரும்பி வந்தவர் மூக்கை விரித்து இழுத்தார். "மணத்தைப் பாத்தியா? இதுக்குப் பேருதான் பேலன்ஸ்."

நான் சிரிப்பை அடக்கிக்கொண்டேன்.

ஒரே பெரிய தட்டில் டம்ப்ளிங்குகள் வந்தன. பிள்ளைகள் சுற்றி உட்கார்ந்தார்கள். "பிறந்தநாள்காரி முதல்ல எடு" என்றாள் கூட்டுக்காரி அஜிஷா. நந்தனா ஒன்றை எடுத்து ஊதினாள்.

"மக்கா, வாயில வைக்காதே!"

அடுக்களை வாசலில் அவர் நின்றார். கண்ணில் கண்ணாடி, கையில் காயப்பொடி டப்பா. நான் மூட மறந்து மேடையிலேயே வைத்த டப்பா. அதன் பின்பக்கத்தில் எறும்பு எழுத்தில் இருந்ததை எனக்குக் காட்டினார். கூட்டுப் பெருங்காயம், சேர்மானம்: கோதுமை மாவு.

இந்த டப்பாவைத்தானே எத்தனையோ வருடமாக வாங்குகிறேன். சாம்பாரில் போட்டேன், ரசத்தில் போட்டேன். வயிறு வலிக்கிறது என்று அவள் சுருண்டு கிடந்த நாட்களில், செரிக்கட்டும் என்று மோரில் கலக்கிக் குடிக்கவும் கொடுத்தேன்.

நந்தனா கையிலிருந்ததைக் கீழே வைத்தாள். "நான் களவா தின்னல்லன்னு சொன்னேன்லா அம்மா" என்றாள். கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். எனக்கு அழுகை வந்துவிட்டது.

அடுக்களையில் பாதி மாவு தொடாமல் தனியே மூடி இருந்தது. தேங்காய் துருவினேன், கருப்பட்டி சீவினேன்.

"கை கழுவினியா?" என்றார் அவர்.

இரண்டாம் தடவையும் சோப்புப் போட்டேன். வேறு பானை வைத்தோம். அவர் சொல்லச் சொல்ல மடித்தேன். எனக்கு ஆறு மடிப்புக்கு மேல் வரவில்லை. அவர் ஒரு வார்த்தை கேலி பேசவில்லை. பேசியிருக்கலாம்.

புதுத் தட்டை நடுவில் வைத்தேன். நந்தனா ஒன்று தின்றாள், இரண்டு தின்றாள். மூன்றாவதுக்குக் கை நீட்டும்போது அஜிஷாவின் கையோடு மோதியது. இரண்டு பேரும் சிரித்தார்கள்.

"இது கொழுக்கட்டைதானே ஆன்ட்டி?" என்றாள் அஜிஷா.

"இல்ல மக்கா, டம்ப்ளிங்" என்றேன்.