சூட்டில் விட்டால் கைக்கும்

குலசிங்கம் மாத்தறையிலிருந்து வந்து இறங்கி மூன்று நாள்தான் ஆகியிருந்தது. அதற்குள் அந்த ஐஸ் தேத்தண்ணீரைப் பற்றி இறுப்பிட்டியில் அரைவாசிப் பேருக்குச் சொல்லி முடித்துவிட்டார்.

"தேத்தண்ணியெண்டால் நாங்கள் இஞ்ச குடிக்கிற தேத்தண்ணியில்லை," என்று விறாந்தையில் சாய்மனைக் கதிரையில் கிடந்தபடி, பார்க்க வந்தவர்களுக்குச் சொல்லுவார். "நல்ல தேயிலைச் சாயம். அதை ஆறவிட்டு, தேசிக்காய் பிழிஞ்சு, ஐஸ் போட்டு, கண்ணாடிக் கிளாசில. வெளியால முத்து முத்தா வேர்த்திருக்கும். ஒரு மிடறு உள்ள போச்செண்டால் உச்சந்தலைக்குள்ள சோளகம் அடிக்கும்."

வெளியே உண்மையான சோளகக் காற்று முற்றத்து மணலை அள்ளி அவருடைய வெள்ளை வேட்டியில் கொட்டிக்கொண்டிருந்தது. குசினிக்குள் மீனலோசனி தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள். நாலு வருடமாகக் கேட்கிற கதை என்பதால் காதை அதன் பாட்டுக்கு விட்டிருந்தாள். அப்போதுதான் புதிதாக ஒரு வரி வந்து விழுந்தது.

"பிழிய முந்தி, தேசிக்காய்த் தோலில சீனியை உரசவேணும். வாசம் முழுக்கச் சீனிக்குள்ள ஏறிடும். அதுதான் சூட்சுமம்."

துருவுகிற கை நின்றது. குடிக்கிறவனுக்குச் சுவை தெரியும், உரசுவது தெரியாது. உரசுவது தெரியவேண்டுமென்றால் உரசுகிற கைக்குப் பக்கத்தில் நிற்கவேண்டும். இவருக்குப் பக்கத்தில் மாத்தறையில் உரசிக்கொண்டு நிற்கிற கை யாருடையது?

கலியாணம் முடித்து ஒன்பது வருடம். பிள்ளைகள் இல்லை. குலசிங்கம் மாத்தறையில் ஒரு புடவைக் கடையில் மனேச்சர். தைப்பொங்கலுக்கு ஒரு தடவை, ஆனியில் நயினாதீவுத் திருவிழாவுக்கு ஒரு தடவை வந்து போவார். இருவரும் ஒன்றாக இருந்த நாட்களை அவள் ஒருமுறை கூட்டிப் பார்த்தாள். ஒன்பது வருடத்தில் ஒரு வருடம்கூட நிறையவில்லை. மற்ற நாட்களில் அவள் மாடு கட்டினாள், வளவு கூட்டினாள், அவர் வருகிற திகதியை யோசித்தாள். தன்னுடைய ஆயுள், யாரோ வருவதற்காக விரித்து வைத்த பாய் மாதிரிக் கிடக்கிறது என்று அவளுக்கு அடிக்கடி தோன்றும்.

ஒவ்வொரு தடவையும் ஒரே ஒருமுறை கேட்பாள். இந்தத் தடவையும் வந்த அன்றே கேட்டாள்.

"என்னையும் கூட்டிக்கொண்டு போங்கோவன்."

"அது பொம்பிளையள் சீவிக்கிற இடமில்லை. கடைக்குப் பின்னால ஒரே ஒரு அறை. எட்டு ஆம்பிளையள் படுக்கிறம்."

போன வருடத் திருவிழாவுக்கு ஆறு பேர். பொங்கலுக்கு ஏழு. அறைக்குள் ஆட்கள் பெருகிக்கொண்டே போனார்கள். சுவர் மட்டும் எப்படியோ இடியாமல் நின்றது.

அன்று பின்னேரத்துக்குள் மீனலோசனி அந்த மாத்தறைப் பெண்ணை மனதுக்குள் முழுதாகச் செய்து முடித்துவிட்டாள். மெல்லிய உடம்பு. வெள்ளைச் சட்டை, இடுப்பில் பூப்போட்ட சீத்தைத் துணி. தேசிக்காய் மணக்கிற விரல்கள். கோபம்தான் வரவேண்டும். ஆனால் அவள் அந்தப் பெண்ணிடம் கேட்க விரும்பியதெல்லாம், அங்கே கடல் வீட்டுக்குக் கிட்டவா, பின்னேரங்களில் இவர் என்ன கதைப்பார் என்பதுதான். இதை நினைத்ததும் தன் மேலேயே அவளுக்கு எரிச்சல் வந்தது. எரிச்சல் வந்தால் அவளுக்கு மூளை நன்றாக வேலை செய்யும்.

அடுத்த நாள் காலையில் கொதிக்கக் கொதிக்கச் சாயம் வடித்து, அதற்குள் தேசிக்காயைப் பிழிந்து, ஆறவைத்துக் கொண்டுபோய்க் கொடுத்தாள். அது பிழை என்று அவளுக்குத் தெரியும். அடுப்பில் கிடக்கிற எதற்குள்ளும் தேசிக்காய் விடக்கூடாதென்று யாழ்ப்பாணத்தில் எந்தப் பெண்ணுக்குத் தெரியாது?

குலசிங்கம் ஒரு வாய் குடித்துவிட்டு முகத்தைச் சுளித்தார். "சூட்டில விட்டிட்டீர். சூட்டில விட்டால் கைக்கும்."

"அப்பிடியோ? எனக்குத் தெரியாதே."

மத்தியானம் வளவுக் கிணற்று உப்புச் சவர்த் தண்ணீரில், கண்ணாடி மாதிரி வெளிறிய சாயமாக வைத்தாள்.

"நல்ல தண்ணியில்லையோ? சவரில சாயம் இறங்காது. ஐஸ் போடுறதெண்டால் இரட்டைச் சாயம் வேணும். ஐஸ் கரையேக்க தண்ணியாப் போகுமெல்லே."

பின்னேரம், அவர் பார்த்திருக்கவே தேசிக்காயை நெடுக்காக வெட்டினாள்.

"ஐயோ மீனா, குறுக்கால வெட்டும். வெட்ட முந்தி உருட்டும்." அவருடைய உள்ளங்கை வெறும் கதிரைச் சட்டத்தின் மேல் உருட்டிக் காட்டியது. கை செய்வதைக் கண்டதும் சட்டென்று அதை மடிக்குள் எடுத்து வைத்துக்கொண்டார்.

"உங்களுக்கு ஆர் இதெல்லாம் சொல்லித் தந்தது?"

"கடைக்குப் பக்கத்தில ஒரு கூல் பார். வழியில போகேக்க வரேக்கப் பாக்கிறதுதான்."

வழியில் போகிறவருக்கு உருட்டத் தெரிகிறது.

மறுநாள் அவள் ஊறுகாய் போட உட்கார்ந்து நாற்பது தேசிக்காய் பிழிந்தாள். முடித்துக் கையைக் கழுவியபோது பெருவிரல் எரிந்தது. நகத்தோரத்தில் தோல் வெளிறி, மெல்லிய வெடிப்பு ஓடியிருந்தது. அதையே பார்த்துக்கொண்டு கிணற்றடியில் நின்றாள். அந்த வெடிப்பை அவளுக்குத் தெரியும். நாலு வருடமாக, ஒவ்வொரு வரவிலும், அவருடைய பெருவிரலில் அதே இடத்தில் அவள் நல்லெண்ணெய் தடவி வந்திருக்கிறாள். "புடவையில இருக்கிற கஞ்சி பட்டு வெடிக்குது," என்று அவர் சொல்லியிருந்தார். அவளும் அந்தக் கஞ்சியைத் திட்டியிருந்தாள்.

பூப்போட்ட சீத்தையோடு நின்ற மாத்தறைப் பெண், அந்தக் கிணற்றடியிலேயே மெல்லக் கலைந்து குலசிங்கமாக மாறினாள். மீனலோசனிக்குச் சிரிப்பு வந்தது. அதற்குப் பின்னால் வேறொன்றும் வந்தது. இந்த வீட்டில் தண்ணீர் வார்த்துக் குடிக்காத மனுஷன், எங்கோ ஒரு கடையில் கிளாஸ் கழுவிக்கொண்டு நிற்கிறார். தன்னை இத்தனை வருடம் வெளியே நிறுத்தியது எட்டு ஆண்களல்ல. ஒரு வாளியும் கழுவுகிற துணியும்.

நேரே கேட்கலாம். கேட்டால் அறைக்குள் ஒன்பதாவது ஆள் வந்து படுப்பான். அதனால் அவள் கேட்கவில்லை. பஸ் ஏறித் துறையடிக்குப் போனாள்.

துறையடியில் மாக்கிறேற்றின் புருஷன் மீன் வாங்கிக் கொழும்புக்கு அனுப்புகிறவர். அதற்கு ஐஸ் யாழ்ப்பாணத்திலிருந்து லொறியில் உமி மூடி வரும். மாக்கிறேற் மீனலோசனியோடு எட்டாம் வகுப்பு வரை ஒரே வாங்கில் இருந்து படித்தவள்.

"ஐஸோ?" என்றாள் மாக்கிறேற். "திருவிழா முடியுமட்டும் எங்கட பக்கம் காத்தடிச்சாலும் மூக்கைப் பொத்துற ஆக்களெல்லே நீங்கள்."

"மீன் வேண்டாமடி. ஐஸ் மட்டும்."

"மீன் படுத்த ஐஸ்தான் கிடக்கு."

"படுக்காத ஐஸ் இல்லையோ?"

"நாளைக்குக் காலமை லொறி வரும். மீன் ஏற முந்தி ஒரு துண்டு உடைக்கலாம். உன்ர மச்சாள் அன்னப்பிள்ளை கேட்டால் என்ன சொல்லுவாய்?"

"யாழ்ப்பாணத்திலயிருந்து வந்ததெண்டு சொல்லுவன்."

"அது உண்மைதானே."

"அதாலதான் சொல்லப்போறன்."

அடுத்த நாள் மத்தியானம் குலசிங்கத்தின் தமக்கை அன்னப்பிள்ளையும் புருஷன் விநாயகமூர்த்தியும் சாப்பாட்டுக்கு வந்தார்கள். சாப்பாடு முடிகிற நேரம் பார்த்து மாக்கிறேற் பின் வாசல் படலையால் ஐஸ் சாக்கைக் கொண்டுவந்து இறக்கினாள். சாக்கு ஒழுகுகிறதென்று பஸ்ஸில் கொண்டக்டர் சத்தம் போட, வீட்டில் காய்ச்சல்காரருக்கு ஒத்தடம் கொடுக்கக் கொண்டுபோவதாகச் சொன்னாளாம். ஒரு நாய் அவளுக்குப் பின்னால் தெருவை நக்கிக்கொண்டே படலைவரை வந்திருந்தது.

மீனலோசனி ஐஸை மூன்று தண்ணீரில் கழுவினாள். பிறகு எல்லாவற்றையும் குசினியில் வைக்காமல் விறாந்தை மேசைக்குக் கொண்டுவந்தாள். ஆவி பறக்கிற சாயம், தேசிக்காய், சீனி, ஐஸ், இரண்டு தகரப் பேணி, நாலு கண்ணாடிக் கிளாஸ்.

"இதென்ன பிள்ளை, மேசையில கடை பரப்புறீர்?" என்றாள் அன்னப்பிள்ளை. "ஐஸ் எங்கால?"

"யாழ்ப்பாணத்திலயிருந்து மச்சாள். இவர் சொல்லுற தேத்தண்ணியை ஒருக்கா உங்களுக்குப் போட்டுத் தருவமெண்டு."

"அதென்ன பெரிய காரியம். போடும் பாப்பம்," என்றார் விநாயகமூர்த்தி, ஆறு நாளாகக் கதை கேட்டுக் களைத்தவர்.

மீனலோசனி ஒரு தேசிக்காயை எடுத்தாள். உருட்டவில்லை. நெடுக்காக வெட்டினாள். குலசிங்கம் கதிரையில் நெளிந்தார். சீனியை நேரே கிளாசுக்குள் கொட்டினாள். அவர் தொண்டையைச் செருமினார். பாதி ஐஸை எடுத்துக் கொதிக்கிற சாயத்துக்குள் போடப் போய், போடாமல், கையில் வைத்துக்கொண்டு யோசித்தாள். ஐஸ் அவளுடைய முழங்கைவழியே சொட்டியது.

"இஞ்சேர்," என்றார் குலசிங்கம் மெல்ல.

அவள் கேட்காதவள்போல ஐஸை வைத்துவிட்டு, வெட்டிய தேசிக்காய்ப் பாதியை ஆவி பறக்கிற சாயத்துக்கு மேலே பிடித்தாள். பிழியவில்லை. பிடித்துக்கொண்டு நின்றாள்.

"கைக்கும்," என்று எழும்பினார் குலசிங்கம். "தாரும் இஞ்சால."

அதன்பிறகு நடந்ததை அவர் செய்தார் என்று சொல்ல முடியாது. அவருடைய கைகள் செய்தன. சால்வை இடுப்புக்குப் போனது. இரண்டு தேசிக்காய் ஒரே உள்ளங்கையின் கீழ் உருண்டன. சீனி தோலில் உரசப்பட்டுப் பச்சை மணத்தோடு உதிர்ந்தது. சாயம் ஒரு பேணியிலிருந்து மற்றப் பேணிக்கு முழ உயரத்தில் ஏறி இறங்கி, ஒரு துளி வெளியே சிந்தாமல் ஆறியது. ஐஸ்கட்டியை உள்ளங்கையில் ஏந்திக் கரண்டிக் காம்பால் ஒரு தட்டு, நாலாகப் பிளந்தது. ஒற்றைக் கையால் பிழிந்த தோலைத் திரும்பிப் பார்க்காமலே பின்னுக்கு எறிந்தார். மாத்தறையில் அந்த இடத்தில் ஒரு வாளி இருந்திருக்கவேண்டும். இங்கே விநாயகமூர்த்தியின் செருப்பு இருந்தது. கடைசியாக, நாலு கிளாசையும் ஒரே கையின் விரல்களுக்குள் கோத்துத் தூக்கி ஒவ்வொருவர் முன்னாலும் வைத்து, சால்வையால் மேசையை ஒரு இழுப்பில் துடைத்துவிட்டு, "வேறென்ன வேணும்?" என்று கேட்டார்.

கேட்ட பிறகுதான் தன் குரல் அவருக்குக் கேட்டது.

கிளாஸ்கள் வேர்த்துக்கொண்டிருந்தன.

"தம்பி," என்றாள் அன்னப்பிள்ளை, "உனக்கு இந்த வேலையெல்லாம் ஆர் பழக்கினது?"

குலசிங்கத்தின் முகம் சாயத்தைவிடக் கறுத்தது. அந்தக் கண்ணிமைக்கிற நேரம் முழுதும் மீனலோசனியின் கையில் இருந்தது. ஒன்பது வருடத்தையும் அதற்குள் போட்டுப் பிழிந்துவிடலாம். அவள் அவரைப் பார்த்தாள். கதிரையில் கிடந்து கதை சொல்லுகிற மனுஷனைவிட, இடுப்பில் சால்வையோடு நிற்கிற இந்த மனுஷனைத் தனக்குப் பிடித்திருக்கிறது என்று கண்டாள். சூடாக இருக்கிறபோது விடக்கூடாது.

"நான்தான் மச்சாள்," என்றாள். "வந்த நாளிலயிருந்து பழக்கிறன். எனக்குக் கை ஏலாது எண்டு இவரைக்கொண்டு செய்விக்கிறனான்."

அன்னப்பிள்ளை அவளைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தாள். "வருஷத்தில ரெண்டு தரம் வாற மனுஷனைக் குசினி வேலை செய்ய வைக்கிறீர். உமக்கு அங்க போய் ஆக்கிப் போடத்தான் வழியில்லையெண்டால், இஞ்ச வந்தாலாவது அவன் காலை நீட்டக் கூடாதோ?"

"ஓம் மச்சாள். அங்க போய் ஆக்கிப் போட எனக்கும் விருப்பம்தான்," என்றாள் மீனலோசனி தலையைக் குனிந்துகொண்டு.

அன்னப்பிள்ளை கோபத்தில் ஒரு மிடறு குடித்தாள். கோபம் நின்றது. இன்னொரு மிடறு குடித்தாள். பிறகு வெறும் கிளாசை, யாரையும் பார்க்காமல், தம்பியின் பக்கம் அரை அடி நகர்த்தினாள்.

அவர்கள் போனபிறகு குலசிங்கம் வெறும் கிளாஸ்களை ஒன்றாக அடுக்கினார்.

"எப்ப தெரியும்?"

"விரல் சொன்னது."

"புடவைக் கடை பூட்டி நாலு வருஷம்," என்றார். "நானும் அங்க என்னோட வேலை செய்த கனகசபையும் சேந்து கூல் பார் போட்டம். அவன் கல்லாவில. நான்... எனக்கு இதுதான் வாய்ச்சுது. இஞ்ச தெரிஞ்சால், அன்னப்பிள்ளையின்ர தம்பி எச்சில் கிளாஸ் கழுவுறான் எண்டு சொல்லுவினம்."

"பின்னால அறையில எத்தினை பேர்?"

அவர் கொஞ்ச நேரம் எண்ணினார். "ஒராள்."

"மற்ற ஏழு பேரும்?"

"கனகசபை வேற வீடு எடுத்திட்டான். மனிசி வந்திட்டா."

மீதி ஆறு பேரை அவள் விசாரிக்கவில்லை; பாவம், போகட்டும். அலுமாரியைத் திறந்து ஒரு தபாலட்டையும் பேனையும் எடுத்துவந்து அவர் முன்னால் வைத்தாள். அவர் அதையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தார். கடைசியில் எழுதினார். அவள் தோளுக்கு மேலால் வாசித்தாள்.

"அன்புள்ள கனகசபை, திங்கட்கிழமை வருகிறேன். மீனலோசனியும் வருகிறா. இன்னொரு பாய் வாங்கி வைக்கவும். கடைக்கு உதவி என்று நினைக்கவேண்டாம், அவவுக்குத் தேத்தண்ணி போடச் சுத்தமாகத் தெரியாது. நான்தான் பழக்கவேண்டும்."

மீனலோசனி அட்டையை வாங்கி, மை காயட்டும் என்று சோளகத்துக்கு நேரே பிடித்தாள். அந்தக் கடைசி வரியைத் திருத்த வாய்வரை வந்தது. விழுங்கிக்கொண்டாள். அதை ரயில் அநுராதபுரம் தாண்டினபிறகு சொல்லலாம். அங்கிருந்து ஒருவரையும் திருப்பி அனுப்ப ஏலாது.